ஆர்எஃப்சி ஆவணங்களை எப்படி வாசிப்பது? ஜேசன் தரநிலையை முன்வைத்து ஒரு விரிவான பதில்

நிரல் எழுதத் தொடங்கிச் சில ஆண்டுகள் ஆன ஒருவரின் கேள்வி இது. நிரல்கள் தமக்குள் தரவைப் பரிமாறப் பயன்படுத்தும் எழுத்து வடிவமான ஜேசன் (JSON) பற்றிக் குழுவில் விவாதம் எழும்போதெல்லாம், மூத்தவர்கள் ஆர்எஃப்சி (RFC) எனப்படும் இணையத் தொழில்நுட்ப ஆவண வரிசையில் 8259-ஐப் பார்க்கச் சொல்கிறார்கள். திறந்து பார்த்தால் சட்டப் புத்தகத்தின் நடையில் இருக்கிறது. இந்த ஆவணங்கள் யாரைக் கட்டுப்படுத்துகின்றன, எளிய விளக்கக் கட்டுரைகள் போதாதா, வாசிப்பதென்றால் எங்கிருந்து தொடங்கி, எதைக் கவனித்து வாசிப்பது என்று கேட்டிருக்கிறார்.

முதல் பகுதிக்கான விடை நேரடியானது. எந்த ஆர்எஃப்சியும் யாரையும் சட்டப்படிக் கட்டுப்படுத்துவதில்லை. அதை மீறிய மென்பொருளைத் தண்டிக்க ஓர் அமைப்பும் இல்லை. ஆனால் ஒருவர் எழுதிய நிரலும், அவரை ஒருநாளும் சந்திக்காத வேறொருவர் எழுதிய நிரலும் ஒன்றோடொன்று பேச வேண்டுமானால், இருவருக்கும் பொதுவான ஓர் எழுத்து வடிவ ஒப்பந்தம் வேண்டும். தகராறு வரும்போது எடுத்துக் காட்டக்கூடிய அந்த எழுத்து இதுதான். எளிய விளக்கக் கட்டுரைகள் ஜேசன் எப்படி இருக்கும் என்பதை நன்றாகவே சொல்லிக் கொடுக்கின்றன. எது கட்டாயம், எது பரிந்துரை, எது யாருடைய விருப்பத்துக்கு விடப்பட்டது என்பதைப் பெரும்பாலும் சொல்வதில்லை. தயாரிப்புச் சூழலில் நாம் படும் பாடுகளில் பெரும்பகுதி அந்த மூன்றுக்கும் இடையிலுள்ள வேறுபாட்டிலிருந்துதான் வருகிறது என்பது என் உறுதியான கருத்து.

இந்த ஆவண வரிசை 1969 ஏப்ரல் 7 அன்று தொடங்கியது. அர்பாநெட் வலையமைப்பில் கணினிகளை இணைக்கும் மென்பொருள் எப்படி இருக்க வேண்டும் என்று, லாஸ் ஏஞ்சலீஸிலுள்ள கலிஃபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் ஆராய்ச்சி மாணவராக இருந்த ஸ்டீவ் குரோக்கர் எழுதிய குறிப்பே ஆர்எஃப்சி 1. அதிகாரத்தோடு ஆணையிடும் தொனி வந்துவிடக் கூடாது என்பதற்காகவே, கருத்துக் கேட்கும் குறிப்பு என்ற பொருளில் அதற்குப் பெயர் வைத்தார்கள். பல ஆண்டுகள் இந்த வரிசையின் பதிப்பாசிரியராக இருந்தவர் ஜான் போஸ்டல். அவர் 1998 அக்டோபரில் காலமாகும் வரை அந்தப் பொறுப்பு அவரிடமே இருந்தது. இன்று எண்கள் ஒன்பதாயிரத்தைத் தாண்டிவிட்டன.

எண் இருப்பதால் மட்டும் ஓர் ஆவணம் தரநிலை ஆகிவிடாது. எல்லா ஆர்எஃப்சிகளும் தரநிலைகள் அல்ல என்பதைச் சொல்வதற்காகவே 1995-இல் ஆர்எஃப்சி 1796 வெளியிடப்பட்டது. தரநிலைத் தடத்தில் இருப்பவை, தகவலுக்காக மட்டும் வெளியானவை, சோதனை முயற்சிகள், சிறந்த நடைமுறைகள், வழக்கொழிந்தவை என்று நிலைகள் உண்டு. எந்த நிலை என்பது ஆவணத்தின் முகப்பிலேயே இருக்கும். அட்டவணைத் தரவைக் காற்புள்ளிகளால் பிரித்து எழுதும் சிஎஸ்வி கோப்புகளுக்கு எல்லோரும் மேற்கோள் காட்டும் ஆர்எஃப்சி 4180 தகவலுக்காக மட்டும் வெளியானது. ஏற்கெனவே புழக்கத்தில் இருந்த பழக்கங்களை 2005-இல் எழுதி வைத்த ஆவணம் அது. எந்த சிஎஸ்வி கோப்பையும் அதைக் காட்டித் தவறு என்று தீர்ப்பளிக்க முடியாது.

முகப்பைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் வாசிப்பில் நேரும் முதல் பிழை அங்கேதான் நேர்கிறது. வெளியான ஆர்எஃப்சியின் எழுத்து அதன்பின் மாற்றப்படுவதில்லை. திருத்த வேண்டுமானால் புது எண்ணில் புது ஆவணம் வர வேண்டும். பழையது அப்படியே இணையத்தில் இருக்கும், தேடுபொறியும் அதைக் கொண்டுவந்து கொடுக்கும். ஜேசனுக்கான முதல் ஆர்எஃப்சி 2006 ஜூலையில் டக்ளஸ் குரோக்ஃபோர்டு எழுதிய 4627. அதுவும் தகவலுக்காக வெளியானதே. பிறகு 7158 வந்தது. அதன் முகப்பில் ஆண்டு தவறாக அச்சாகியிருந்ததால், அந்த ஒரு திருத்தத்துக்காகவே 2014 மார்ச்சில் 7159 என்ற புது எண் தேவைப்பட்டது. எழுத்து மாறாது என்ற விதியை இவ்வளவு கண்டிப்பாகக் கடைப்பிடிக்கிறார்கள். இப்போது செல்லுபடியாகும் 8259 வெளியானது 2017 டிசம்பரில். டிம் பிரே அதன் பதிப்பாசிரியர்.

இந்த எண்களுக்கிடையே விதிகளும் மாறியிருக்கின்றன. 4627-இன்படி ஒரு ஜேசன் ஆவணம் ஆப்ஜெக்ட்டாகவோ (பெயர்-மதிப்பு இணைகளின் தொகுப்பு) அரேவாகவோதான் (மதிப்புகளின் பட்டியல்) இருக்க முடியும்; வெறுமனே 5 என்று மட்டும் அனுப்பினால் அது ஜேசன் ஆகாது. 7159 அந்தக் கட்டுப்பாட்டை நீக்கி, எந்த மதிப்பும் தனியாக நிற்கலாம் என்றது. எழுத்துகளை பைட்டுகளாக மாற்றும் குறியாக்கத்திலும் அப்படியே. 7159 யுடிஎஃப்-8, 16, 32 மூன்றையும் அனுமதித்தது. 8259-ஓ, மூடிய அமைப்புக்கு வெளியே பரிமாறப்படும் ஜேசன் யுடிஎஃப்-8-இல்தான் இருந்தாக வேண்டும் என்கிறது. ஆக, ஜேசனைக் கையாளும் பழைய லைப்ரரி (ஆயத்த நிரல் தொகுப்பு) ஒன்று தனி எண்ணை ஏற்க மறுத்தால் அது பிழையா என்பது, எந்த ஆவணத்தைப் பின்பற்றுவதாக அது சொல்கிறது என்பதைப் பொறுத்தது. எந்த ஆர்எஃப்சியைத் திறந்தாலும், இது எதை நீக்கியது, எதனால் நீக்கப்பட்டது, எதனால் திருத்தப்பட்டது என்ற மூன்று குறிப்புகளையும் (பின்னிரண்டையும் ஆர்எஃப்சி தளமே சேர்த்துக் காட்டும்) பார்த்த பிறகே உள்ளே செல்ல வேண்டும்.

அடுத்தது, அந்தச் சட்டப் புத்தக நடை. அதற்குக் காரணம் 1997 மார்ச்சில் ஸ்காட் பிராட்னர் எழுதிய ஆர்எஃப்சி 2119. ஆங்கிலப் பெரிய எழுத்துகளில் வரும் மஸ்ட், ஷுட், மே போன்ற சொற்களுக்கு அது தனிப்பொருள் வரையறுக்கிறது. மஸ்ட் என்றால் விதிவிலக்கற்ற கட்டாயம். ஷுட் என்றால், குறிப்பிட்ட சூழலில் தகுந்த காரணம் இருந்தால் விலகலாம், ஆனால் விலகுவதன் முழு விளைவுகளையும் புரிந்துகொண்டு எடைபோட்ட பிறகே விலக வேண்டும். மே என்றால் உண்மையிலேயே விருப்பம். அதோடு, அந்த விருப்பத்தைத் தேர்ந்தவரும் தேராதவரும் ஒருவரோடொருவர் இணைந்து இயங்கத் தயாராக இருந்தாக வேண்டும். பெரிய எழுத்தில் வரும்போது மட்டுமே இந்தப் பொருள் பொருந்தும் என்பதை 2017-இல் வந்த ஆர்எஃப்சி 8174 தெளிவாக்கியது. வேகமாக வாசிக்கிறவர்கள் ஷுட் என்பதை 'செய்தால் நல்லது' என்று எடுத்துக்கொண்டு கடந்துவிடுகிறார்கள். நான் வாசிக்கும்போது ஒவ்வொரு ஷுட்டிலும் நின்று, இதை ஏன் கட்டாயமாக்காமல் விட்டார்கள், இதிலிருந்து விலகியவர் யார், அவருடைய தரவு என் நிரலுக்கு வந்தால் என்ன ஆகும் என்று கேட்டுக்கொள்வேன்.

8259-இன் 4-ஆம் பகுதியில் அப்படி ஒரு ஷுட் இருக்கிறது. ஓர் ஆப்ஜெக்ட்டுக்குள் வரும் பெயர்கள் தனித்தனியாக, ஒன்றுக்கொன்று வேறாக இருக்க வேண்டும் என்று சொல்லுமிடத்தில் மஸ்ட் போடாமல் ஷுட் போட்டிருக்கிறார்கள். அதற்கடுத்த வரிகளிலேயே, ஒரே பெயர் இருமுறை வந்தால் பல செயலாக்கங்கள் கடைசி மதிப்பை மட்டும் தருகின்றன, சில பிழை காட்டி நிறுத்துகின்றன, வேறு சில எல்லா மதிப்புகளையும் தருகின்றன என்றும், என்ன நடக்கும் என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது என்றும் எச்சரிக்கிறார்கள். கட்டாயமாக்காததற்குக் காரணம் புரிந்துகொள்ளக்கூடியதே. தரநிலைக் குழு வேலையைத் தொடங்கும்போது ஜேசன் ஏற்கெனவே உலகெங்கும் ஓடிக்கொண்டிருந்தது. புழக்கத்தில் உள்ள ஆவணங்களையும், ஜேசனை வாசித்துப் பிரிக்கும் நிரல்களான பார்சர்களையும் ஒரே நாளில் செல்லாததாக்கும் விதியை எழுதினால், அந்த விதியைப் பின்பற்ற ஆள் இருக்க மாட்டார்கள்.

இப்படித் திறந்து விடப்பட்ட இடம் என்ன செய்யும் என்பதற்கு 2017 நவம்பரில் ஒரு தெளிவான சான்று வந்தது. அப்பாச்சி கவுச்டிபி என்ற தரவுத்தளத்தில் பயனர் கணக்குகளும் ஜேசன் ஆவணங்களாகவே சேமிக்கப்படுகின்றன. ஒருவருக்கு என்ன அதிகாரம் என்பது அந்த ஆவணத்திலுள்ள ரோல்ஸ் என்ற பெயரின்கீழ் இருக்கும். புதுக் கணக்கை உருவாக்க வரும் ஆவணத்தைச் சரிபார்த்தது ஜாவாஸ்கிரிப்டில் எழுதிய பகுதி. பின்னர் அந்தப் பயனருக்கு என்ன அதிகாரம் என்று பார்த்தது எர்லாங்கில் எழுதிய பகுதி. ரோல்ஸ் என்ற பெயரை ஒரே ஆவணத்தில் இருமுறை எழுதி, முதலாவதில் நிர்வாகி அதிகாரத்தையும் இரண்டாவதில் காலிப் பட்டியலையும் வைத்து அனுப்பினால், ஜாவாஸ்கிரிப்டின் கண்ணுக்குக் கடைசியில் உள்ள காலிப் பட்டியல் மட்டும் தெரிந்தது. கேட்பது எந்த அதிகாரமும் இல்லாத சாதாரணக் கணக்கு என்று அது அனுமதித்தது. எர்லாங் முதலாவதை எடுத்துக்கொண்டது. அதன் கண்ணுக்கு அவர் நிர்வாகி. பாதுகாப்புக் குறைகளின் பொதுப் பட்டியலில் சிவிஇ-2017-12635 என்று பதிவான இந்த ஓட்டையை 1.7.0, 2.1.1 பதிப்புகளில் அடைத்தார்கள்.

இந்த நிகழ்வில் கவனிக்க வேண்டியது, இரண்டு பார்சர்களில் எதுவும் தரநிலையை மீறவில்லை என்பது. தனித்தனியாகச் சோதித்திருந்தால் இரண்டுமே தேறியிருக்கும். குற்றம் இரண்டும் சேரும் இடத்தில் இருந்தது. அந்த இடத்தைத்தான் ஆவணத்தின் அந்த ஒரு ஷுட் முன்பே சுட்டிக்காட்டியிருந்தது.

ஜேசனுக்கு இன்னொரு தரநிலையும் உண்டு என்பதை இங்கே சேர்த்துச் சொல்ல வேண்டும். எக்மா என்ற தரநிலை அமைப்பு 2013 அக்டோபரில் எக்மா-404 என்ற பெயரில் ஒன்றை வெளியிட்டது. அதன் இரண்டாம் பதிப்பு, 8259 வந்த அதே 2017 டிசம்பரில் வந்தது. இலக்கணத்தில் இரண்டும் ஒன்றே. வேறுபாடு கண்டுபிடிக்கப்பட்டால் திருத்திக்கொள்வதாக இரு தரப்பும் ஒப்புக்கொண்டிருக்கின்றன. ஆனால் எக்மா-404 தொடரியலை மட்டும் வரையறுப்பது. பெயர்கள் ஒன்றுக்கொன்று வேறாக இருக்க வேண்டும் என்று தான் கோரவில்லை என்றே அது எழுதியிருக்கிறது. 'எங்கள் லைப்ரரி ஜேசன் தரநிலைக்கு முழுமையாக உட்பட்டது' என்ற விளம்பர வரியைப் பார்த்தால், எந்தத் தரநிலை என்று கேட்பதில் தவறில்லை.

8259-ஐ வாசிப்பவர்கள் பெரும்பாலும் தாண்டிச் செல்லும் இரண்டு சிறு பகுதிகள் 9, 10. இரண்டும் சேர்ந்தால் அரைப் பக்கம்கூட வராது. ஆனால் எனக்கு அந்த ஆவணத்திலேயே மிகவும் பயன்பட்ட வரிகள் அங்கேதான் இருக்கின்றன. ஜேசன் இலக்கணத்துக்கு உட்பட்ட எதையும் பார்சர் ஏற்றாக வேண்டும் என்கிறது 9. உடனே, ஜேசன் அல்லாத வடிவங்களையும் விரிவாக்கங்களையும் பார்சர் ஏற்கலாம் என்று அனுமதியும் தருகிறது. ஆவணத்தின் அளவு, உள்ளடுக்குகளின் ஆழம், எண்களின் வீச்சு, சரங்களின் (எழுத்துத் தொடர்களின்) நீளம் ஆகியவற்றுக்கு அது வரம்பு வைத்துக்கொள்ளவும் இடமுண்டு. 10-ஆம் பகுதி, ஜேசனை உருவாக்கும் நிரலுக்கானது. வெளியே அனுப்பும் எழுத்து இலக்கணத்துக்குக் கண்டிப்பாக உட்பட்டிருக்க வேண்டும், தளர்வு கிடையாது. வாங்குகிறவருக்கு ஒரு நியாயம், கொடுக்கிறவருக்கு வேறொரு நியாயம்.

பைத்தானை எடுத்துக்கொள்வோம். எண் அல்லாத மதிப்பைக் குறிக்கும் 'நான்' (NaN) என்ற ஆங்கிலக் குறியையும், முடிவிலியையும் ஜேசனில் எழுத 8259 அனுமதிப்பதில்லை. பைத்தானோடு வரும் ஜேசன் லைப்ரரி இவை உள்ள எழுத்தைக் கொடுத்தால் வாசித்துக்கொள்ளும். அது 9-ஆம் பகுதி தரும் சலுகைக்குள் அடங்கும். அதே லைப்ரரி, நீங்கள் தடுக்கச் சொல்லாவிட்டால், இவற்றை எழுதியும் அனுப்பும். அது 10-ஆம் பகுதியை மீறுவது. இதை பைத்தானின் கையேடே வெளிப்படையாகச் சொல்கிறது. சராசரி கணக்கிடும் நிரலில் எங்கோ நேர்ந்த ஒரு தவறான வகுத்தலால் அந்தக் குறி தரவுக்குள் புகுந்துவிட்டால், அனுப்பிய பக்கத்தில் எல்லாம் சரியாக இருக்கும். வாங்கிய உலாவி முழு ஆவணத்தையும் நிராகரிக்கும். 'யார் பக்கம் தப்பு' என்று இரண்டு குழுக்கள் மின்னஞ்சலில் மோதிக்கொள்ளும்போது, அந்த இரண்டு பகுதிகளின் ஐந்தாறு வரிகளைக் காட்டினால் போதும், விவாதம் முடிந்துவிடும்.

எண்களைப் பற்றிய 6-ஆம் பகுதியிலும் இதே போன்ற ஓர் இடைவெளி இருக்கிறது. இலக்கணப்படி ஓர் எண் எத்தனை இலக்கம் வேண்டுமானாலும் நீளலாம். ஆனால் பெரும்பாலான மென்பொருள்கள் ஐஇஇஇ 754 தரநிலையின் 64 பிட் மிதவைப் புள்ளி எண்ணாக அதை மாற்றிக்கொள்வதால், முழு எண்களில் 9007199254740991 வரைக்கும்தான் எல்லோரும் ஒரே மதிப்பைக் காண்பார்கள் என்று ஆவணம் குறிப்பிடுகிறது. இது 2-இன் 53-ஆம் அடுக்கில் ஒன்று குறைவு. ஜாவாஸ்கிரிப்டில் 9007199254740993 என்ற எண்ணை ஜேசன் வழியாக வாங்கினால் 9007199254740992 என்றுதான் கிடைக்கும். எச்சரிக்கையோ பிழைச் செய்தியோ வராது. ட்விட்டர் 2010-இல் பதிவு எண்களுக்கு 64 பிட் முறைக்கு மாறியபோது இந்தச் சிக்கலை நேரடியாகச் சந்தித்தது. அதனால்தான் அதே எண்ணைச் சரமாகவும் இன்னொரு பெயரில் சேர்த்து அனுப்பத் தொடங்கினார்கள். அடையாள எண், கணக்கு எண், பரிவர்த்தனை எண் போன்றவற்றின்மேல் நாம் கூட்டல் கழித்தல் செய்யப் போவதில்லை; அவற்றைச் சரமாகவே அனுப்புவது நல்லது. முன்னால் தேவையற்ற சுழி உள்ள 044 போன்ற எண்ணை ஜேசன் இலக்கணம் ஏற்பதே இல்லை என்பதையும் நினைவில் வைத்துக்கொண்டால், தொலைபேசிக் குறியீட்டை எண்ணாக அனுப்பி முன்னால் உள்ள சுழியை இழக்கும் தவறும் நேராது.

தமிழில் தரவைக் கையாள்பவர்கள் குறிப்பாக நின்று வாசிக்க வேண்டியது 7, 8 ஆகிய பகுதிகள். யுடிஎஃப்-8 குறியாக்கத்தை வரையறுப்பது 2003 நவம்பரில் வந்த ஆர்எஃப்சி 3629. அதன்படி தமிழ் எழுத்துகளின் ஒவ்வொரு குறியெண்ணும் (ஓர் எழுத்துக்கோ குறிக்கோ யூனிக்கோடு தரும் எண்) மூன்று பைட்டுகள் ஆகும். அகரத்தின் குறியெண் 2949. அது 224, 174, 133 என்ற மூன்று பைட்டுகளாகச் செல்லும். தமிழ் என்ற சொல்லில் நம் கண்ணுக்கு மூன்று எழுத்துகள் தெரிந்தாலும் த, ம, இகரக் குறி, ழ, புள்ளி என்று ஐந்து குறியெண்கள் இருப்பதால் பதினைந்து பைட்டுகள். 8259-இன் 7-ஆம் பகுதி இதற்கு இன்னொரு வழியையும் அனுமதிக்கிறது: பின்சாய்கோடு, யு என்ற ஆங்கில எழுத்து, அதன்பின் நான்கு பதினாறடிமான இலக்கங்கள். அப்படி எழுதினால் ஒரு குறியெண்ணுக்கு ஆறு பைட்டுகள், அதே சொல்லுக்கு முப்பது. பைத்தானின் லைப்ரரி இயல்பாக இந்த இரண்டாவது வழியில்தான் எழுதும். அது பிழை அல்ல. பார்சர் இரண்டையும் ஒன்றாகவே கொள்ள வேண்டும். ஆனால் தமிழ்க் கட்டுரைகளைச் சேமிக்கும் கிடங்கில் அது இடத்தை இரட்டிப்பாக்கும், கோப்பைத் திறந்து கண்ணால் சரிபார்க்கவும் முடியாமல் செய்யும். ஒரே ஓர் அமைப்பை மாற்றினால் தீரும் விஷயம் இது. மாற்றலாம் என்ற துணிவு, இரண்டும் செல்லுபடியானவை என்று ஆவணத்தில் வாசித்தவருக்கே வரும்.

இதைவிட ஆழமான சிக்கல் 8-ஆம் பகுதியின் கடைசியில், சரங்களை ஒப்பிடுவது பற்றிய சில வரிகளில் இருக்கிறது. இரண்டு பெயர்கள் ஒன்றா வேறா என்று பார்க்கும்போது, அவற்றை யூனிக்கோடு அலகுகளாக மாற்றி, அலகுக்கு அலகு எண்ணளவில் ஒப்பிடும் செயலாக்கங்களே எல்லாச் சூழலிலும் ஒத்துப்போகும் என்கிறார்கள். ஒரே எழுத்தின் வெவ்வேறு குறியெண் வடிவங்களை ஒன்றாக்கும் இயல்பாக்கம் பற்றிய பேச்சே அங்கு இல்லை. தமிழுக்கு இது என்ன பொருள் என்று பாருங்கள். கொ என்ற எழுத்தை ககரத்தின்பின் 3018 என்ற ஒரே குறியெண்ணை வைத்தும் எழுதலாம். ககரத்தின்பின் 3014 என்ற ஒற்றைக் கொம்பையும் 3006 என்ற துணைக்காலையும் வைத்தும் எழுதலாம். யூனிக்கோடு தரநிலையின்படி இரண்டும் சமம்; திரையில் வேறுபாடு தெரியாது. ஜேசனைப் பொறுத்தவரை இரண்டும் வேறு வேறு பெயர்கள். ஒரே ஆப்ஜெக்ட்டில் இரண்டும் வந்தால் பெயர் இருமுறை வந்ததாக எந்தப் பார்சரும் முறையிடாது. ஒன்றைக் கொடுத்து மற்றொன்றைத் தேடினால் கிடைக்காது. கொடைக்கானல் என்ற பெயரில் சேமித்த பதிவு கொடைக்கானல் என்று தேடும்போது கிடைக்கவில்லை என்ற புகார் வந்தால், காரணம் பெரும்பாலும் இங்கேதான் இருக்கும். என்எஃப்சி எனப்படும் இயல்பாக்க வடிவத்துக்கு எல்லாவற்றையும் உள்ளே வரும்போதே மாற்றிவிடுவது இதற்கான தீர்வு.

அந்தத் தீர்வும் எட்டாத ஓர் இடமுண்டு. ஔவை என்பதை 2964 என்ற ஔகாரத்தைக் கொண்டு எழுதுவதே முறை. இணையத்திலோ ஒகரத்தையும் ளகரத்தையும் அடுத்தடுத்து வைத்து ஒளவை என்று எழுதியவையும் ஏராளம். ஒகரத்தோடு ஔகார நீட்டற்குறி சேர்ந்தால் அதை இயல்பாக்கம் ஔ என்று ஒன்றாக்கும். ளகரம் சேர்ந்தால் ஒன்றாக்காது, ஏனென்றால் யூனிக்கோட்டின்படி அது வேறொரு எழுத்து வரிசை. இதை எந்தத் தரநிலையும் நமக்காகச் சரிசெய்யாது; தேடும் நிரலை எழுதுகிறவர்தான் கவனிக்க வேண்டும்.

வாங்குகிறவர் தாராளமாக இருக்கலாம் என்ற எண்ணம் ஜேசனோடு பிறந்ததல்ல. அனுப்பும்போது கட்டுப்பாடாகவும் ஏற்கும்போது தாராளமாகவும் இருங்கள் என்ற கொள்கையை 1980 ஜனவரியில், இணையத்தில் தரவைக் கொண்டுசெல்லும் நெறிமுறையான டிசிபி பற்றிய ஆர்எஃப்சி 761-இல் போஸ்டல் எழுதினார். ஒருவரையொருவர் அறிந்த சில நூறு கணினிகள் இருந்த காலத்தில் அது இணையத்தை வளர்த்த கொள்கை என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் தாராளமாக ஏற்கும் ஒவ்வொரு பார்சரும் தவறாக அனுப்புகிறவருக்குத் தம் தவறு தெரியாமலே போக வழிசெய்கிறது. சில ஆண்டுகளில் அந்தத் தவறே எழுதப்படாத தரநிலையாகி, புதிதாக வருகிறவர் அதையும் ஏற்க வேண்டிய கட்டாயம் வருகிறது. இந்த வாதத்தை விரிவாக முன்வைக்கும் ஆர்எஃப்சி 9413, 2023-இல் வெளியானது. 8259-இன் 9, 10 ஆகிய பகுதிகளை வாசித்தவர்கள் அதையும் வாசிக்க வேண்டும் என்று அழுத்தமாகப் பரிந்துரைக்கிறேன். பழைய கொள்கையின் விலை என்ன என்பதை நாற்பது ஆண்டு அனுபவத்தோடு சொல்லும் ஆவணம் அது.

கேள்வி கேட்டவர் ஜேசனோடு நின்றுவிடப் போவதில்லை என்பதால் அல்காரிதம் பற்றிய ஆவணங்களுக்கும் ஒரு சொல். அவற்றில் எனக்கு முதலில் தேவைப்படுவது பின்னிணைப்பில் உள்ள சோதனை மதிப்புகள். எந்தத் தரவுக்கும் ஒரு குறுகிய அடையாள மதிப்பைக் கணக்கிடும் எம்டி5 அல்காரிதத்துக்காக 1992 ஏப்ரலில் வெளியான ஆர்எஃப்சி 1321, முழு சி நிரலையும், இன்ன சரத்தைக் கொடுத்தால் இன்ன விடை வர வேண்டும் என்ற பட்டியலையும் சேர்த்தே தருகிறது. அதைப் பார்த்துச் சரியாகச் செயலாக்கம் எழுதிவிடலாம். எழுதிப் பயன்படுத்தினால் தவறு. 2004-இல் எம்டி5-க்கு ஒரே விடை தரும் இரு வேறு உள்ளீடுகளைச் சீன ஆய்வாளர்கள் கண்டுபிடித்துக் காட்டினார்கள். அத்தகைய மோதல் நேரக் கூடாத இடங்களில், குறிப்பாக மின்கையொப்பங்களில், எம்டி5 இனி ஏற்கத்தக்கதல்ல என்று 2011 மார்ச்சில் வந்த ஆர்எஃப்சி 6151 அறிவித்தது. 1321-இன் எழுத்தில் அந்தச் செய்தி இல்லை, இருக்கவும் முடியாது. திருத்தப்பட்டது என்று தளம் காட்டும் குறிப்பைத் தொடர்ந்து சென்றால்தான் கிடைக்கும். இணையத் தொடர்பை மறைகுறியாக்கும் டிஎல்எஸ் நெறிமுறையின் 1.0, 1.1 பதிப்புகள் இரண்டையும் 2021 மார்ச்சில் ஆர்எஃப்சி 8996 கைவிடச் சொன்னதும் இதே முறையில்தான்.

எங்கிருந்து தொடங்குவது என்று கேட்டிருந்தீர்கள். 8259 பதினாறே பக்கம். ஒரே அமர்வில் முடிக்கலாம். இலக்கண வரிகள் ஏபிஎன்எஃப் என்ற குறிமுறையில் இருக்கும்; அதை வரையறுக்கும் ஆர்எஃப்சி 5234-ஐ முழுக்க வாசிக்கத் தேவையில்லை, குறிகளின் பொருளை மட்டும் பார்த்துக்கொண்டால் போதும். பாதுகாப்பு பற்றிய பகுதியைத் தவிர்க்காதீர்கள். அப்படி ஒரு பகுதி ஒவ்வோர் ஆர்எஃப்சியிலும் இருக்க வேண்டும் என்பது விதி. 8259-இல் அது, ஜேசன் எழுத்தை ஜாவாஸ்கிரிப்டின் ஈவல் செயற்கூறுக்குள் நேரடியாகக் கொடுத்து இயக்குவதன் ஆபத்தைச் சொல்கிறது. வாசித்து முடித்தபின் ஆர்எஃப்சி பதிப்பகத்தின் தளத்தில் அந்த ஆவணத்துக்குரிய பிழைப்பட்டியலைத் திறந்து பாருங்கள். யார் வேண்டுமானாலும் பிழையைப் பதிவு செய்யலாம். உறுதிசெய்யப்பட்டவை, அடுத்த பதிப்புக்காக நிறுத்தி வைக்கப்பட்டவை, நிராகரிக்கப்பட்டவை என்று அவை பிரிந்திருக்கும். நிராகரிக்கப்பட்டவற்றையும் நான் விடாமல் வாசிப்பேன்; மற்றவர்கள் எந்த வரியை எப்படித் தவறாகப் புரிந்துகொண்டார்கள் என்பது அங்கே தெரியும்.

பிறகு ஆர்எஃப்சி 7493. 2015 மார்ச்சில் வந்த இந்த ஆவணம் ஐ-ஜேசன் என்ற பெயரில், 7159-உம் பின்னர் 8259-உம் திறந்து விட்ட இடங்களில் பலவற்றை மூடுகிறது. பெயர் இருமுறை வரவே கூடாது, யுடிஎஃப்-8 மட்டுமே, மிகப் பெரிய எண்கள் துல்லியமாக வேண்டுமென்றால் சரமாக எழுதப் பரிந்துரை, தேதிகளுக்கும் ஒரே வடிவம் பரிந்துரை. உங்கள் குழுவின் ஏபிஐ (பிற நிரல்கள் உங்கள் நிரலோடு பேசும் வழி) ஆவணத்தில், நாங்கள் பரிமாறுவது ஐ-ஜேசன் என்று ஒரு வரி எழுதி, அதைச் சரிபார்க்கும் சோதனைகளையும் சேர்த்துவிட்டால், நீங்கள் குறிப்பிட்ட விவாதங்களில் பல எழவே எழாது. சரங்களின் இயல்பாக்கத்தை மட்டும் 7493-உம் கட்டாயமாக்கவில்லை. தமிழ்ப் பெயர்களைக் கையாளும் குழு என்றால், பெயர்களும் மதிப்புகளும் என்எஃப்சி வடிவில் இருக்க வேண்டும் என்ற இரண்டாவது வரியை நீங்களே சேர்த்துக்கொள்ள வேண்டும்.